அக்கா என்ன வினை விதைத்தாள்?

கேள்வி: ஜப்பானிய இயக்குநர் கென்ஜி மிசோகுச்சியின் 'கியோன் சகோதரிகள்' (1936) படம் பார்த்தேன். கெய்ஷாவான, அதாவது விருந்துகளில் ஆடிப் பாடி மகிழ்விக்கும் தொழில் செய்யும் தங்கை ஓமோச்சா, ஆண்களை ஏமாற்றிப் பணம் பறிக்கிறாள். கடைசியில் ஓடும் காரிலிருந்து விழுந்து ஆஸ்பத்திரியில் கிடக்கிறாள். வினை விதைத்தவள் வினை அறுத்தாள் என்பதுதானே கதை?

பதில்: சரி, அப்படியென்றால் அக்கா உமேகிச்சி என்ன வினை விதைத்தாள்? அவளும் கெய்ஷாதான். யாரையும் ஏமாற்றவில்லை. தன்னை ஆதரித்த வியாபாரி ஃபுருசாவா திவாலாகி வந்து நின்றபோது, நன்றி மறக்காமல் வீட்டில் வைத்துச் சோறு போட்டாள். அவருக்கு ஒரு வேலை கிடைத்ததும் மனைவியிடம் போய்விட்டார். நெறி தவறாத அக்காவும் நெறியை மதிக்காத தங்கையும் கடைசிக் காட்சியில் ஒரே கட்டிலருகே அழுகிறார்கள். அக்காவை விட்டுவிட்டுத் தங்கைக்கு மட்டும் தீர்ப்பு எழுதினால் பாதிப் படத்தைத்தான் பார்த்திருக்கிறீர்கள்.

'கெய்' என்றால் கலை. ஆடலும் பாடலும் ஷாமிசென் என்ற மூன்று தந்தி வாத்திய வாசிப்பும் ஆண்டுக்கணக்கில் பயின்றவர்கள் கெய்ஷாக்கள். ஆனால் கியோட்டோவின் கியோன் பகுதியில் நல்ல கிமோனோ இல்லாமல் ஒரு விருந்துக்கும் போக முடியாது. அந்த கிமோனோவை வாங்கித் தர ஒரு புரவலர் வேண்டும். ஓமோச்சா கடைச் சிப்பந்தியிடம் ஆசை காட்டி கிமோனோ வாங்கியது அக்காவுக்காகத்தான். அதைத் தட்டிக்கேட்க வந்த கடை முதலாளியே ஓமோச்சாவின் புரவலராகிவிடுகிறார்! வேலை போனது சிப்பந்திக்கு, அடி விழுந்தது ஓமோச்சாவுக்கு. 'ஓமோச்சா' என்ற சொல்லுக்கு விளையாட்டுப் பொம்மை என்று பொருள். அந்தப் பெயரோடு திரிகிறவள்தான், இனி நாம் ஆண்களை வைத்து விளையாடுவோம் என்று கிளம்புகிறாள். அப்போது 19 வயதேயான இசுசு யமாடா அவளை எவ்வளவு துடிப்பாக நடித்திருக்கிறார்! எனக்கு அவள்மேல் ஒரு நொடியும் கோபம் வரவில்லை.

மிசோகுச்சி தண்டிக்க வந்தவர் அல்ல. குடும்ப வறுமையில் அவருடைய சொந்த அக்கா சுசு கெய்ஷாவாக விற்கப்பட்டவர். பிற்பாடு தம்பியைத் தாங்கியதும் அந்த அக்காதான். கெய்ஷா என்று ஒன்று ஏன் இருக்க வேண்டும் என்று ஓமோச்சா படுக்கையில் கதறும் இடத்தில் படத்தை அவர் அப்படியே நிறுத்திவிடுகிறார்.

இன்று நமக்குக் கிடைப்பது சுமார் 69 நிமிடப் பிரதி. இன்னொரு தடவை பாருங்கள். இந்த முறை உமேகிச்சியின் முகத்தைக் கவனியுங்கள்.