மாக்ஸ் ஷ்ரெக் என்னும் நடிகர்

மதிப்பிற்குரிய ஐயா,

அண்மையில் நண்பர்கள் சேர்ந்து ஜெர்மன் இயக்குநர் முர்னாவின் மௌனப் படமான ‘நோஸ்ஃபெராட்டு’ பார்த்தோம். அதில் இரத்தக்காட்டேரியான ஓர்லாக் பிரபுவாக நடித்த மாக்ஸ் ஷ்ரெக்கைப் பற்றிப் பேச்சு வந்தது. ‘ஷ்ரெக்’ என்றால் ஜெர்மன் மொழியில் அச்சம், எனவே அது புனைபெயர்தான் என்றும், அந்த ஒரு படத்துக்குப் பிறகு அவர் காணாமல் போய்விட்டார் என்றும் ஒருவர் உறுதியாகச் சொன்னார். இது உண்மையா?

ஒரு வாசகர், மதுரை

அன்புள்ள நண்பருக்கு,

உங்கள் நண்பர் சொன்னவற்றில் அச்சொல்லின் பொருள் ஒன்றுதான் சரி. ஷ்ரெக் என்பது அவருடைய குடும்பப் பெயர். அவர் 1879 செப்டம்பர் 6 அன்று பெர்லினில் பிறந்தார். மகன் நாடகத்தின் பின்னால் போவது தந்தைக்குப் பிடிக்கவில்லை. தாய் கொடுத்த பணத்தைக் கொண்டு ரகசியமாக நடிப்புப் பயின்றவர், தந்தை இறந்த பிறகே முறையான நாடகப் பள்ளியில் சேர்ந்தார். பின்னர் ஸ்பையர், எர்ஃபூர்ட், கேரா போன்ற நகரங்களின் அரங்குகளில் பல ஆண்டுகள் வேலை செய்தார்.

அந்த அரங்குகள் நடிகர்களை ‘ஃபாக்’ எனப்படும் வேட வகையின்படி ஒப்பந்தம் செய்தன. நாயகன், இளங்காதலன், நகைச்சுவையாளன் என்று அமைந்த வகைகளுள் குணச்சித்திரமும் ஒன்று. ஷ்ரெக் அதற்கு உரியவர். நாயகனாக நடிப்பவர் எல்லா நாடகங்களுக்கும் தன் ஒரே உடலைக் கொண்டுவந்தால் போதும். குணச்சித்திர நடிகரோ இன்று கஞ்சனுக்கு ஒரு முதுகையும், நாளை நீதிபதிக்கு ஒரு நடையையும், மறுநாள் பைத்தியக்காரனுக்கு ஒரு கைவீச்சையும் உருவாக்கிக்கொள்ள வேண்டும். இந்தப் பயிற்சிதான் ஓர்லாக்கின் அடித்தளம் என்பது என் உறுதியான எண்ணம்.

அங்கிருந்து பெர்லினில் நாடக இயக்குநர் மாக்ஸ் ரைன்ஹார்ட்டின் குழுவுக்கும், பிறகு மியூனிக்கின் காமர்ஷ்பீலெ அரங்குக்கும் சென்றார். 1922 செப்டம்பரில் அங்கே நாடகாசிரியர் பிரெக்டின் ‘இரவில் முரசொலி’ முதன்முதலாக மேடையேறியபோது மதுக்கடைக்காரன் குளுப்பாக நடித்தவர் ஷ்ரெக்தான். அதே ஆண்டு மார்ச் 4 அன்று பெர்லினில் ‘நோஸ்ஃபெராட்டு’ வெளியாகியிருந்தது.

அந்தப் படத்தை மீண்டும் பார்க்கும்போது ஒப்பனையை மறந்துவிட்டு உடலை மட்டும் கவனியுங்கள். மொட்டைத் தலையும் கூர்ங்காதுகளும் எலிப் பற்களும் யாருக்கும் பொருத்தக்கூடியவை. ஆனால் கைகளை விலாவோடு ஒட்டி, தோள்களைக் குறுக்கி, தன் உடலே தனக்குச் சவப்பெட்டி என்பதுபோல் நிற்கும் அந்த நிலை நடிகருடையது. சவப்பெட்டியைச் சுமந்துகொண்டு ஆளரவமற்ற ஊருக்குள் நடக்கும் காட்சியில், கொடியவனிடம் நாம் எதிர்பார்க்கும் கம்பீரத்துக்குப் பதிலாகத் திருடனின் அவசரமும் சுமைகூலியின் களைப்பும் தெரிகின்றன. படம் முழுவதிலும் அவர் தோன்றும் நேரம் சுமார் 9 நிமிடங்கள்தான்.

வதந்தி பிறந்ததற்கும் காரணங்கள் உண்டு. படத்தைத் தயாரித்த பிரானா நிறுவனம் விரைவிலேயே திவாலாயிற்று. அனுமதியின்றி ‘டிராகுலா’ கதையைப் பயன்படுத்தியதாக, அதை எழுதிய பிராம் ஸ்டோக்கரின் மனைவி தொடுத்த வழக்கில் பிரதிகளை அழிக்குமாறு 1925இல் தீர்ப்பாயிற்று. தப்பிய பிரதிகள் வெளிநாடுகளில், சில பெயர்கள் மாற்றப்பட்டு உலவின. மேடை நடிப்போ அன்றிரவே கரைந்துவிடுவது. மியூனிக்குக்கு வெளியே இருந்தவர்களுக்கு அவரை அறியும் வாய்ப்புக் குறைவு. 2000ஆம் ஆண்டில் அவரை உண்மையான இரத்தக்காட்டேரியாகவே சித்திரித்து ஓர் ஆங்கிலப் படமும் வந்தது. அக்கற்பனையின் கவர்ச்சி எனக்குப் புரிகிறது. ஆயினும் ஒருவரது வாழ்நாள் உழைப்பை, அவர் நடிக்கவே இல்லை என்று சொல்லிப் பாராட்டுவது பெரும் அநீதி என்றே நினைக்கிறேன்.

அவர் காணாமல் போகவும் இல்லை. 1924இல் முர்னாவின் நகைச்சுவைப் படமொன்றில் நடித்தார். 1932இல் மாக்ஸ் ஓஃபுல்ஸின் பேசும் படமான ‘விற்கப்பட்ட மணமகள்’ படத்திலும் இருந்தார். 1936 பிப்ரவரி 19 அன்று ஷில்லரின் ‘டான் கார்லோஸ்’ நாடகத்தில், வர இயலாத மற்றொரு நடிகருக்குப் பதிலாக, மதக் குற்றங்களை விசாரிக்கும் திருச்சபையின் தலைமை விசாரணை அதிகாரியாக மேடையேறினார். பார்வையிழந்த தொண்ணூறு வயதுக் கிழவரின் வேடம் அது. மறுநாள் காலை, 56ஆம் வயதில், மாரடைப்பால் இறந்தார்.

வாய்ப்புக் கிடைத்தால் கார்ல் குரூனெயின் ‘தெரு’ (1923) படத்தையும் நண்பர்களோடு பாருங்கள். அதிலும் அவருக்குப் பார்வையற்ற முதியவர் வேடம்தான். அங்கே பற்களும் நகங்களும் இல்லாத ஷ்ரெக்கைக் காணலாம்.

அன்புடன்.