எடிட்டிங், இசை மேற்பார்வை இரண்டையும் ஒருவரே பார்க்க முடியுமா?

சுயாதீனப் படங்களில் எடிட்டராகவும் இசை மேற்பார்வையாளராகவும் (படத்துக்கான பாட்டுகளைத் தேர்ந்து உரிமை வாங்கித் தருபவர்) ஒருவரே வேலை செய்ய முடியுமா, அதற்கு என்ன தெரிந்திருக்க வேண்டும் என்று கேட்டிருக்கிறீர்கள்.

முடியும். சிறு பட்ஜெட் படங்களுக்கு அப்படி ஒருவர் தேவையும்கூட. எந்தக் காட்சிக்கு எந்தப் பாட்டு என்பது பெரும்பாலும் எடிட்டிங் மேசையில்தான் முடிவாகிறது. அந்தப் பாட்டுக்கு உரிமை கிடைக்குமா என்று விசாரிக்க வேண்டியவர் மட்டும் அப்போது அங்கே இருப்பதில்லை. இரண்டும் உங்கள் பொறுப்பு என்றால் இந்தச் சிக்கல் தொடக்கத்திலேயே தீரும்.

பெரும்பாலும் சறுக்குவது டெம்ப் இசையில். ரஃப் கட்டில், அதாவது படத்தின் முதல்கட்ட வெட்டில், தற்காலிகமாக ஒரு பிரபலப் பாட்டைப் போடுவார்கள். ஆறு வாரம் அதையே கேட்ட இயக்குநருக்கு வேறு எதுவும் பிடிக்காது. வெட்டுகளும் அந்தத் தாளத்துக்கே விழுந்திருக்கும். கடைசியில் பாட்டு கைவிட்டுப் போனால் காட்சியையே திரும்ப வெட்ட வேண்டும். அதனால் காட்சியை முதலில் இசையே இல்லாமல் வெட்டுங்கள். இசை இல்லாமலே காட்சி எடுபட்ட பிறகு, உரிமை வாங்க முடியும் என்று விசாரித்து வைத்த பாட்டுகளை மட்டும் எடிட்டிங் மென்பொருளின் டைம்லைனில் ஏற்றுங்கள். முக்கியமான இடத்துக்குக் குறைந்தது இரண்டு மாற்றுப் பாட்டுகள் கையில் இருக்கட்டும்.

ஒரு பாட்டுக்கு இரண்டு உரிமைகள் உண்டு. மெட்டும் வரிகளும் ஒன்று. பதிவான ஒலி இன்னொன்று. முதலாவதற்கு சிங்க் உரிமம், இரண்டாவதற்கு மாஸ்டர் உரிமம். ஒன்றை வாங்கிவிட்டு இன்னொன்றை மறந்தால் பாட்டைப் பயன்படுத்த முடியாது. நான்கு பேர் சேர்ந்து எழுதிய பாட்டு என்றால் அவர்கள் ஒவ்வொருவர் சார்பிலும் சம்மதம் வேண்டும். சில நொடிகள்தானே, கேட்க மாட்டார்கள் என்பது வெறும் நம்பிக்கை; இத்தனை நொடி வரை இலவசம் என்று பொது விதி கிடையாது. பழைய செவ்வியல் இசையிலும் இதே குழி இருக்கிறது. 1827-இல் இறந்த பீத்தோவனின் இசைக்கு இன்று யாரிடமும் அனுமதி கேட்க வேண்டாம். ஆனால் அதை 2005-இல் ஓர் இசைக்குழு வாசித்த பதிவுக்குக் கேட்டே ஆக வேண்டும். புதிதாக வாசிக்கவைத்துப் பதிவு செய்வது பல நேரம் மலிவு. வாசிப்பவர்களிடம் எழுத்தில் உரிமை வாங்கிக்கொள்ளுங்கள்.

உரிமம் கேட்டு எழுதும்போது காட்சியின் விவரம், பயன்படும் நொடிகள், எந்த நாடுகள், எந்தெந்த ஊடகம், எத்தனை ஆண்டு என்பதெல்லாம் இருக்க வேண்டும். பணம் குறைவென்றால் முதலில் திரைப்பட விழாக்களுக்கு மட்டும் உரிமம் வாங்கலாம். ஆனால் படம் விற்றால் முழு உரிமைக்கு என்ன விலை என்பதை அதே ஒப்பந்தத்தில் எழுதி வாங்கிவிடுங்கள். இதை விட்டால், விற்பனை கையெழுத்தாகும் நேரத்தில் உரிமையாளர் சொல்வதுதான் விலை. உரிமம் தயாரிப்பாளர் பெயரில் இருக்க வேண்டும். பணமும் அவரிடமிருந்தே நேராகப் போகட்டும். உங்கள் சம்பளத்துக்குள் இசைச் செலவையும் சேர்த்து மொத்தமாகப் பேசுவது பெரிய தவறு.

ஒப்பந்தத்தில் எடிட்டிங்குக்கு ஒரு தொகை, இசை மேற்பார்வைக்கு ஒரு தொகை என்று தனித்தனியாக எழுதுங்கள். எத்தனை முறை திருத்தம், அதற்கு மேல் நாளுக்கு எவ்வளவு என்பதும் அதில் வர வேண்டும். தவணைகளை ரஃப் கட், பிக்சர் லாக் (இனி வெட்டுகள் மாறாது என்று முடிவாகும் கட்டம்), ஒப்படைப்பு ஆகியவற்றோடு கட்டிவிடுவது நல்லது.

பிக்சர் லாக்குக்குப் பிறகு ஒலிக்குழுவுக்கு ஏஏஎஃப் கோப்பும் (எடிட் செய்த ஒலித் துண்டுகளை வேறு மென்பொருளில் திறக்க உதவும் கோப்பு) டைம்கோடு, அதாவது ஒவ்வொரு ஃபிரேமின் நேர எண், பதிந்த வீடியோவும் போகும். ஒலி 48 கிலோஹெர்ட்ஸில், ஒவ்வொரு துண்டின் இரு பக்கமும் குறைந்தது 2 நொடி உபரியோடு இருக்கட்டும். படம் தொடங்க 2 நொடிக்கு முன் ஒரு ஃபிரேம் நீளத்துக்கு 'பீப்' வையுங்கள். ஒலி சரியாகப் பொருந்துகிறதா என்று அதை வைத்துத்தான் பார்ப்பார்கள். ஃபிரேம் வேகத்தை (நொடிக்கு எத்தனை ஃபிரேம் என்பதை) வாயால் சொல்லாமல் எழுதிக் கொடுங்கள். ஒருவர் 24-லும் இன்னொருவர் 23.976-லும் வேலை செய்தால் ஒரு மணி நேரத்தில் சுமார் 3.6 நொடி விலகிவிடும்.

படத்தில் வரும் இசையையெல்லாம் பட்டியலிடும் கியூ ஷீட்டைக் கடைசி நாளுக்குத் தள்ள வேண்டாம். பாட்டின் பெயர், எழுதியவர்கள், பதிப்பாளர் (பாட்டின் மெட்டு, வரிகளின் உரிமையை நிர்வகிப்பவர்), எத்தனை நொடி, பின்னணியில் ஒலிக்கிறதா அல்லது காட்சிக்குள் பாத்திரமே பாடுகிறதா என்பதை வெட்டும்போதே குறித்து வாருங்கள். ஒளிபரப்பில் பாட்டை எழுதியவர்களுக்கும் பதிப்பாளருக்கும் சேர வேண்டிய ராயல்டி இந்தத் தாளைப் பார்த்துத்தான் பிரிகிறது. ஒரு பெயர் விடுபட்டால் அவருக்குப் பணம் போகாது.