திரைக்கதை: நபேந்து கோஷ்

அன்புள்ள அம்மா,

மும்பை அந்தேரியில் வெப் சீரிஸ்களுக்குத் திரைக்கதை எழுதுகிறேன். கதை எப்போதும் வேறு யாருடையதோதான். சமீபத்தில் ‘பந்தினி’ என்ற பழைய இந்திப் படம் பார்த்தேன். டைட்டிலில் திரைக்கதை நபேந்து கோஷ் என்று வந்தது. எங்கள் வீட்டில் அந்தப் படத்தின் பாட்டெல்லாம் மனப்பாடம், இவரை மட்டும் யாருக்கும் தெரியவில்லை. நானும் இப்படி அடுத்தவர் கதைக்கு உழைத்தே தேய்ந்துபோவேனோ?

செம்பூர் வாசகி

அன்புள்ள தங்கைக்கு,

நபேந்து கோஷ் 1917இல் டாக்காவில் பிறந்தவர். பம்பாய்க்கு வருமுன்பே வங்காளியில் அறியப்பட்ட கதாசிரியர். பிரிவினையால் கிழக்குப் பக்கச் சந்தையை இழந்து கல்கத்தா சினிமா தள்ளாடிய சமயத்தில், ‘பந்தினி’யின் இயக்குநர் பிமல் ராய், ஹிருஷிகேஷ் முகர்ஜி ஆகியோருடன் மாலாடிலிருந்த பாம்பே டாக்கீஸ் பட நிறுவனத்துக்கு வந்தார். பிறகு ‘தேவ்தாஸ்’, ‘சுஜாதா’, ‘தீஸ்ரி கசம்’, ‘அபிமான்’ என்று நீண்ட வரிசை. மாட்டுங்காவில் என் வயதுக்காரர்கள் எல்லாரும் பார்த்த படங்கள் இவை.

நம்மவர்களுக்கு சினிமா எழுத்து என்றாலே வசனம். திரும்பச் சொல்லிப் பார்க்க முடிந்ததைத்தான் நினைவில் வைத்துக்கொள்கிறோம். ‘பந்தினி’யில் கதை வங்காள எழுத்தாளர் ஜராசந்தாவுடையது, வசனம் பால் மகேந்திரா. நடுவில் நபேந்து கோஷுக்கு என்ன வேலை?

படம் சிறையில் தொடங்குகிறது. கல்யாணி கொலைக் கைதி. ஆனால் நாம் முதலில் பார்ப்பது, யாரும் நெருங்கத் தயங்கும் காசநோயாளிக்குப் பணிவிடை செய்பவளை. டாக்டர் அவளை விரும்புகிறார், அவள் விலகுகிறாள். அதன்பிறகுதான் அவளே எழுதித்தரும் வாக்குமூலமாகப் பழைய கதை விரிகிறது. விஷம் கலக்கும் காட்சிக்கு வந்து சேரும்போது நாம் ஏற்கெனவே அவள் பக்கம் நிற்கிறோம். இதையே காலவரிசைப்படி சொல்லியிருந்தால் அந்தப் பணிவிடை வெறும் பிராயச்சித்தமாகச் சுருங்கியிருக்கும். கடைசியில் படகுத்துறையில் டாக்டரை விட்டு, தன்னைக் கைவிட்டுப் போன, இப்போது நோயாளியான பழைய காதலனிடம் அவள் ஓடுவதை நாம் ஏற்றுக்கொள்வதும் இந்த வரிசையால்தான். அந்தப் படத்தில் எனக்கு மிகப் பெரிய சாதனை இதுதான். ஃபிலிம்ஃபேரின் சிறந்த கதை விருது ‘பந்தினி’க்காக ஜராசந்தாவுக்குப் போனது. திரைக்கதைக்கான விருது நபேந்து கோஷுக்குப் பின்னாளில் ‘மஜ்லி தீதி’ படத்துக்குக் கிடைத்தது.

1988இல், 71 வயதில், ‘த்ரிஷாக்னி’யை இயக்கினார். பாலைவனத்து பௌத்த மடம், மணற்புயலில் தப்பிய சிலர். இயக்குநரின் முதல் படத்துக்கான தேசிய விருது பெற்றது. அத்தனை வருடம் கழித்துக் கையில் கிடைத்த படத்துக்கும் அவர் எடுத்துக்கொண்டது சரதிந்து பந்தோபாத்யாயின் கதையை. சொந்தக் கதைகள் அவரிடம் ஏராளம் இருந்தன. அடுத்தவர் கதை அவருக்குச் சுமையாக இருந்திருந்தால் அன்று அதை இறக்கி வைத்திருப்பார்.

உங்கள் பெயர் விஷயம் வேறு. அதில் விட்டுக்கொடுக்காதீர்கள். டைட்டிலில் பெயர் எப்படி வரும் என்பதை ஒப்பந்தத்திலேயே எழுதி வாங்குங்கள். ஒவ்வொரு வரைவையும் அனுப்புவதற்கு முன்பே திரைக்கதையாளர் சங்கத்தில் பதிவு செய்துவிடுங்கள். சங்கம் உங்கள் அந்தேரியிலேயேதான் இருக்கிறது.