தவணையில் கட்ட நீதிமன்றம் அனுமதிக்குமா?

கேள்வி: தனியார் நிறுவனத்தில் மாதம் 28,000 ரூபாய் சம்பளத்தில் வேலை பார்க்கிறேன். ஈடு எதுவும் வைக்காமல் வங்கியில் வாங்கிய தனிநபர் கடனுக்கு, வேலையின்றி இருந்த காலத்தில் தவணை கட்ட முடியவில்லை. வட்டியுடன் 3,40,000 ரூபாய் கேட்டு உரிமையியல் நீதிமன்றத்தில் வங்கி வழக்குத் தொடுத்துள்ளது, சம்மனும் வந்துவிட்டது. கடனை நான் மறுக்கவில்லை. தீர்ப்பு வந்தபின் தவணை கேட்டுக்கொள்ளலாம், இப்போது போகத் தேவையில்லை என்கிறார் நண்பர். சரியா?
– வாசகர், கரூர்

பதில்: சரியில்லை. உரிமையியல் நடைமுறைச் சட்டம், 1908-இன் கட்டளை 20, விதி 11-இன்படி, தீர்ப்புக்கு முன்பு நீங்கள் ஆஜராகிப் போதிய காரணம் காட்டினால், வங்கி ஆட்சேபித்தாலும்கூட, தொகையைத் தவணைகளில் செலுத்தும்படி தீர்ப்பாணையிலேயே (தீர்ப்பின் அடிப்படையில் யார் எவ்வளவு கட்ட வேண்டும் என்று பிறப்பிக்கப்படும் ஆணை) குறிப்பிட நீதிமன்றத்துக்கு அதிகாரம் உண்டு. தீர்ப்பாணை பிறந்தபின் கேட்பதானால் வங்கியின் சம்மதம் வேண்டும். மனுவையும் 30 நாட்களுக்குள் போட்டாக வேண்டும். வாய்தாவுக்குப் போகாமல், நீங்கள் இல்லாமலேயே வழக்கு முடிவாகும் எக்ஸ்பார்ட்டி நிலை ஏற்பட்டுவிட்டால், நீதிபதியின் கையில் இருந்த முடிவை நீங்களே வங்கியிடம் ஒப்படைத்ததாகிவிடும்.

பணமுடை என்று மட்டும் சொன்னால் பொதுவாக எடுபடாது. சம்பளச் சீட்டு, வீட்டு வாடகை ரசீது, வேலையிழந்த காலத்துக்கான கடிதம் ஆகியவற்றைப் பிரமாணப் பத்திரத்துடன் இணையுங்கள். முடிந்தால் ஒரு தொகையை முன்கூட்டியே கட்டிக் காட்டுங்கள். எவ்வளவு தவணை கேட்பது என்பதற்கும் ஓர் அளவுகோல் உண்டு. தீர்ப்பாணையை நிறைவேற்ற வங்கி உங்கள் சம்பளத்தை ஜப்தி செய்தால், முதல் 1,000 ரூபாயும் மீதியில் மூன்றில் இரண்டு பங்கும் போக, மாதம் 9,000 ரூபாய் வரை பிடிக்கலாம். அதுவும் ஒரே தீர்ப்பாணைக்கு மொத்தம் 24 மாதங்கள்தான். இந்தக் கணக்கு வங்கிக்கும் தெரியும் என்பதால், மாதம் 1,000 ரூபாய் தருகிறேன் என்று கேட்பது வீண். இத்தனை தவணை தவறினால் மீதி முழுவதையும் ஒரே நேரத்தில் கட்ட வேண்டும் என்ற நிபந்தனை பெரும்பாலும் சேர்க்கப்படும். ஆகவே, தாங்கக்கூடிய தொகையையே ஒப்புக்கொள்ளுங்கள்.

வட்டியில் ஏதேனும் தள்ளுபடி எதிர்பார்த்தால், வழக்கை மக்கள் நீதிமன்றத்துக்கு அனுப்பக் கேட்பது நல்லது. அங்கே சமரசமாக எழுதப்படும் தவணைத் திட்டம் தீர்ப்பாணைக்குச் சமம். அதன்மீது மேல்முறையீடு கிடையாது.

கேள்வி: தவணைப் பணத்தை வங்கிக் கிளையிலேயே கட்டலாமா?

பதில்: கட்டலாம், ஆனால் எழுத்துச் சான்று இல்லாமல் எவர் கையிலும் ரொக்கமாகக் கொடுக்காதீர்கள். நீதிமன்றத்துக்கு வெளியே கட்டிய தொகையை வங்கி தெரிவிக்காவிட்டால், கட்டிய நாளிலிருந்து 30 நாட்களுக்குள் நீங்களே மனுச் செய்து பதிவு செய்ய வேண்டும். பதிவாகாத பணத்தை நிறைவேற்று நீதிமன்றம் கணக்கில் எடுத்துக்கொள்ளாது.