வாசகர் கேள்வி - பதில்: மௌனப்படத்தை எப்படிப் போட்டுக் காட்டுவது?

கேள்வி: 1929இல் வந்த ‘ஸன்ஜின் ஸன்பாகென்’ என்ற ஜப்பானிய மௌனப்படத்தைத் தோட்ட வாசிகசாலையில் காட்ட இருக்கிறோம். போட்டுப் பார்த்தபோது ஆட்கள் ஓட்டமும் நடையுமாகத் தெரிகிறார்கள். கதையும் இடையிடையே அறுந்துபோகிறது. பிரதி பழுதா?
– வாசகி, பொகவந்தலாவை

பதில்: பழுதில்லை. மௌனப்படங்கள் பல செக்கனுக்கு 16 முதல் 20 சட்டகம் (தனிப்படம்) வரை எடுக்கப்பட்டவை. 16இல் எடுத்ததை 24இல் ஓட்டினால் ஒன்றரை மடங்கு வேகம் வரும். கணினியில் படம் ஓட்டும் விஎல்சி (VLC) செயலியின் வேகத்தை 0.75க்குக் குறையுங்கள், போதாவிட்டால் 0.67. வாள்சண்டையை வைத்து அளக்க வேண்டாம், விறுவிறுப்புக்காக அதை வேண்டுமென்றே வேகமாகத் தெரியும்படி எடுப்பதுண்டு. ஆள் நடப்பதையும் குனிந்து வணங்குவதையும் பாருங்கள். வேகத்தைக் குறைத்தால் சேர்த்திருக்கும் இசை இழுபடும், சத்தத்தை நிறுத்திவிடுங்கள்.

கதை அறுவதற்குக் காரணம் வேறு. இயக்குநர் டைசுகே இத்தோவின் முழுப்படம் இன்று இல்லை. மிஞ்சியது வீட்டுத் திரையிடலுக்கான 9.5 மில்லிமீற்றர் அகலப் படச்சுருளில் உள்ள சுருக்கப் பிரதி, அரைமணிக்கும் குறைவு. அந்த இடைவெளியை ஒரு கதைசொல்லிதான் நிரப்ப வேண்டும். ஜப்பானில் இந்த வேலையைச் செய்தவர் ‘பென்ஷி’. திரையோரம் இருந்து கதையும் சொல்வார், எல்லாப் பாத்திரங்களுக்கும் குரலும் கொடுப்பார். 1930களின் நடுப்பகுதி வரை அங்கே மௌனப்படம் நீடித்ததற்கு அவர்களின் செல்வாக்கும் ஒரு காரணம்.

நல்ல குரலுள்ள ஒருவரைத் தெரிவுசெய்து, திரையில் வசனத்தை எழுத்தாகக் காட்டும் ஒவ்வொரு அட்டையும் வரும் நேரத்தைக் குறித்துக் கொடுங்கள். அட்டை 6 செக்கன் நின்றால் தமிழில் 10 சொல்லுக்கு மேல் எழுதாதீர்கள். மிஞ்சினால் பேச்சு அடுத்த காட்சிக்குள் வழிந்து, நடிகரின் முகத்தைப் பார்க்கவிடாது. கதைசொல்லிக்கான விளக்கு கீழ்நோக்கி இருக்கட்டும், திரையில் படக்கூடாது. தகரக் கூரை என்றால் மைக் கட்டாயம், மழை பிடித்தால் ஒன்றும் கேட்காது. காமன் கூத்துக்கு அடிப்பதுபோல் தப்பு மேளத்தைத் தொடர்ந்து அடித்தால் வசனம் அமுங்கிவிடும். கிளர்ச்சிக் காட்சிக்கு மட்டும் வைத்துக்கொள்ளுங்கள், அங்கே அது உண்மையிலேயே பொருந்தும்.

கேள்வி: ‘ஸன்ஜின் ஸன்பாகென்’ படத்தில் பசியையும் வரிக்கொடுமையையும் ஏன் சாமுராய் காலத்தில் வைத்தார்கள்?
– வாசகர், மஸ்கெலியா

பதில்: ஜப்பானில் 1927 வங்கி நெருக்கடிக்குப் பிறகு மக்களுக்கு வாழ்க்கையே பாரமாகியிருந்தது. ஆனால் அரசு எதிர்ப்பை ஒடுக்கிய 1925 அமைதிப் பாதுகாப்புச் சட்டமும் தணிக்கையும் இருக்கையில் அதை நேரடியாகச் சொல்வது ஆபத்து. பழைய உடையில் சொன்னால் தப்ப வாய்ப்புண்டு. அது வெறும் போர்வையும் அல்ல: 1837இல் ஒசாக்காவில் பட்டினிக்கு நடுவே ஓஷியோ ஹெய்ஹாச்சிரோ கிளர்ச்சி நடத்தியது வரலாறு. இதைப் படத்துக்கு முன்பே நாலு வரியில் சொல்லிவிடுங்கள். ஓடத் தொடங்கியபின் விளக்கம் சொல்ல இடம் கிடைக்காது.