சரிவை விட்டு நகராத சாலமாண்டர்

அன்புள்ள ஆசிரியருக்கு,

அமெரிக்காவின் அலபாமா மாநிலத்தில் வாழும் ரெட் ஹில்ஸ் சாலமாண்டர் என்ற, பல்லி போன்ற உருவமுள்ள நீர்நில வாழ்வியைப் பற்றிப் போகிறபோக்கில் ஒரு வரி எழுதியிருந்தீர்கள். நுரையீரலே இல்லாமல் அது எப்படி உயிர்வாழ்கிறது? யார் கண்ணிலும் படாத ஒரு பிராணிக்காக, சொந்த நிலத்தில் மரம் வெட்டாதே என்பது நியாயமா? பிடித்துப்போய் வேறு காட்டில் விட்டுவிடலாமே?

செல்வகுமார், கோவில்பட்டி

அன்புள்ள செல்வகுமார்,

மண்புழு மாதிரி அதுவும் ஈரத் தோல் வழியாகத்தான் மூச்சு விடுகிறது. வாயின் உட்புறமும் கொஞ்சம் உதவுகிறது. இதில் அபூர்வம் ஒன்றுமில்லை. உலகின் சாலமாண்டர் இனங்களில் பாதிக்கு மேல் நுரையீரலற்ற குடும்பத்தைச் சேர்ந்தவைதான். ஆனால் தோல் காய்ந்தால் மூச்சும் போயிற்று.

இந்த இனம் அறிவியலுக்குத் தெரியவந்ததே 1960இல்தான். கண்டுபிடித்த லெஸ்லி ஹூப்ரிக்ட் உண்மையில் நத்தைகளை ஆராய்ந்தவர். 25 செ.மீ. வரை வளரும் பிராணி அவ்வளவு காலம் கண்ணில் படாததற்குக் காரணம் அதன் வாழ்க்கை முறை. செங்குத்தான, நிழலடர்ந்த ஓடைச் சரிவுகளில் வளைக்குள்ளேயே இருக்கும். இரவில் தலையை மட்டும் நீட்டி, அருகே வரும் பூச்சியையோ சிலந்தியையோ பிடிக்கும். முட்டையும் நிலத்துக்கடியில்தான். தலைப்பிரட்டைப் பருவம் கிடையாது, அதனால் குளம் குட்டை தேவையில்லை.

வேறு காட்டில் விடலாமே என்கிறீர்கள். ஈரத்தைப் பிடித்துவைக்கும் வண்டல்பாறை அடுக்கில்தான் அதன் வளைகள் இருக்கின்றன. தெற்கு அலபாமாவில், அலபாமா ஆற்றுக்கும் கொனேகா ஆற்றுக்கும் இடையிலுள்ள குறுகிய பட்டையைத் தவிர வேறெங்கும் இந்த இனம் கிடையாது. அதை எங்கே கொண்டுபோய் விடுவது?

சரி, மரம் வெட்டும் விஷயம். சரிவை மொட்டையடித்தால் வெயில் நேராக இறங்கும், இலைச்சருகு போகும், மண் காயும். 1976இல் இந்தச் சாலமாண்டரை அழிவு அச்சுறுத்தலுள்ள இனமாக அமெரிக்க மத்திய அரசு அறிவித்தது. ஆனால் வாழிடத்தில் பெரும்பகுதி தனியார் நிலம், அதிலும் நிறைய மரக் கம்பெனிகளுடையது. எனவே 'வெட்டவே கூடாது' என்று யாரும் சொல்லவில்லை. நல்ல வாழிடமான சரிவுகளையும் அவற்றை ஒட்டிய மரங்களையும் விட்டுவைப்பதாகக் கம்பெனி அரசுக்கு ஒரு பாதுகாப்புத் திட்டம் எழுதிக்கொடுக்கும். அதன்பின் மற்ற இடங்களில் சட்டச் சிக்கலின்றி வெட்டிக்கொள்ளலாம். இது அநியாயம் என்று எனக்குத் தோன்றவில்லை. செங்குத்துச் சரிவில் மரம் எடுப்பது எப்படியும் சள்ளை பிடித்த வேலை.

என் கவலை வேறு. ஒப்பந்தம் கம்பெனியோடு போட்டது. நிலம் கைமாறினால் அது தானாகத் தொடரும் என்று நம்பிவிட முடியாது. அதனால் நிலத்தையே வாங்கிவிடுவதுதான் உருப்படியான வழி என்பேன். மாநில அரசின் 'ஃபாரெவர் வைல்ட்' நில அறக்கட்டளை மன்ரோ கவுண்டியில் இப்படி வாங்கியிருக்கிறது. 2000இல் இந்தச் சாலமாண்டரை மாநிலத்தின் அடையாள நீர்நில வாழ்வியாகவும் அறிவித்தார்கள். அந்தப் பட்டத்தை விட அந்தப் பத்திரப் பதிவுதான் எனக்குப் பெரிதாகப் படுகிறது.