அரைக் கட்டை

அன்புள்ள ஆசிரியருக்கு,

என் தம்பி திரைப்பாடல்களுக்கு அரேஞ்சராக இருக்கிறான். மெட்டு இன்னொருவருடையது, பெயரும் அவருக்கே. மெட்டுக்கு நகை பூட்டும் வேலையிலேயே வீணாகிறானே என்று வீட்டில் எல்லோருக்கும் வருத்தம். தனியாக இசையமைக்கச் சொல்லலாமா? கணினி வந்தபின் இந்த வேலை நிலைக்குமா?

ஒரு வாசகர்

அன்புள்ள நண்பருக்கு,

தம்பிமேல் உங்களுக்குள்ள பாசம் தெரிகிறது. அவர் வேலை என்னவென்று இத்தனை நாளில் ஒருமுறைகூட அவரிடம் கேட்டதில்லை என்பதும் தெரிகிறது. 'நகை பூட்டும் வேலை' என்று அவர் காதுபடச் சொல்லிவிடாதீர்கள்.

கணினியை விடுங்கள். பொத்தானை அழுத்தினால் கீபோர்டு சுருதி இறங்கும். வயலின் இறங்காது.

சங்கராபரண ராகத்தில் ஒரு மெட்டு. பாடகிக்காக 5 கட்டைச் சுருதியில் எழுதி, வாத்தியக்காரர்களின் தாள்களும் ஸ்டாண்டில் ஏறிவிட்டன. அவர் பாடிப் பார்த்துவிட்டு, "அரைக் கட்டை இறக்கலாமா சார்?" என்கிறார். இசையமைப்பாளர் ஆர்மோனியத்தில் விரலைத் தள்ளி வைத்து "சரிம்மா" என்பார். அவருக்கு அவ்வளவுதான். எந்த வாத்தியம் என்ன வாசிக்கவேண்டும் என்று எழுதித்தரும் அரேஞ்சருக்கு இனிமேல்தான் இருக்கிறது.

சங்கராபரணத்தின் சுர வரிசைதான் மேற்கத்திய இசையில் மேஜர் ஸ்கேல். 5 கட்டை என்றால் ஜி மேஜர். விரல் வைக்காமல் வாசிக்கும் வயலினின் நான்கு திறந்த தந்திகளும் (ஜி, டி, ஏ, இ) அந்த ஸ்கேலுக்குள் இருக்கின்றன. வயலின்கள் சேர்ந்து வாசிக்கும்போது கணீரென்று கேட்பதற்கு அது ஒரு முக்கியக் காரணம். நாலரைக்கு இறங்கினால் எஃப் ஷார்ப். நான்கில் ஒரு தந்திகூட ஸ்கேலில் இல்லை. எல்லாச் சுரமும் விரல் வைத்தே வரவேண்டும். ஆளுக்கு ஒரு மயிரிழை விலகும், மொத்த ஒலியும் மங்கும். தவிர, வயலினின் அடிச்சுரமே ஜி தான். கீழ் ஷட்ஜத்தில் வந்து நிற்பதாக எழுதிய வரிக்கு இப்போது சுரமே கிடையாது. வயலினைவிடக் கீழே போகும் வயோலாவிடம் கொடுக்கலாம். ஒரு ஸ்தாயி ஏற்றினால் பாடகியின் குரல்மேலேயே போய் உட்காரும். பி ஃப்ளாட் கிளாரினெட் எழுதியதைவிட ஒரு கட்டை கீழே ஒலிக்கும், அதற்கு ஒரு கட்டை ஏற்றித்தான் எழுதவேண்டும். அதன் தாளில் முன்பு மூன்று ஷார்ப் (சுரத்தை அரைக் கட்டை ஏற்றும் குறி), இப்போது நான்கு ஃப்ளாட் (இறக்கும் குறி). சிதார் இருந்துவிட்டால் கேட்கவே வேண்டாம், கூடவே அதிரும் தரப் தந்திகள் அத்தனையும் மறுபடி சுருதி சேரும்வரை எல்லோரும் சும்மா உட்கார்ந்திருக்கவேண்டியதுதான்.

விவரமான அரேஞ்சர், "அரை வேண்டாம், 4 கட்டைக்கே போய்விடலாம்" என்பார். எஃப் மேஜரில் நான்கு தந்திகளும் திரும்பக் கிடைத்துவிடும், கிளாரினெட்டுக்கும் ஒரே ஷார்ப். ஆனால் சரணத்தில் மெட்டு எவ்வளவு கீழே போகிறது என்று அதற்குமுன் பார்த்திருக்கவேண்டும். மந்திர பஞ்சமத்தை, அதாவது கீழ் ஸ்தாயிப் பஞ்சமத்தைத் தொடுகிறது என்றால், முழுக் கட்டை இறக்கியதும் குரல் அங்கே வெறும் காற்றாகிவிடும். அப்போது நாலரைதான், வயலின் வரிகளைத் திருத்தித்தான் ஆகவேண்டும். டீ இடைவேளை முடிவதற்குள் இத்தனையும். இதற்கா நகை என்கிறீர்கள்?

தனியாக இசையமைப்பதா என்றீர்கள். இரண்டில் ஒன்றை விடவேண்டும் என்று யார் சொன்னது? ஆர். கோவர்த்தனம் விஸ்வநாதன்–ராமமூர்த்திக்கு உதவியாளர். 1967-ல் 'பட்டணத்தில் பூதம்' படத்துக்கு இசையமைத்தார், பிற்பாடு இளையராஜாவிடமும் உதவியாளராக இருந்தார். மலையாளத்தில் ஆர்.கே. சேகர் சொந்தமாக இசையமைத்தபடியே மற்றவர்களுக்கும் அரேஞ்ச் செய்தார். அதை வீழ்ச்சி என்பவர்களோடு எனக்குப் பேச்சில்லை.

கவலைப்படுவதானால் காகிதத்துக்காகக் கவலைப்படுங்கள். 1957-ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டம் அரேஞ்ச்மெண்டைத் தழுவல் கணக்கில் வைக்கிறது. அதற்கு அனுமதி தரும் உரிமை மூலப் படைப்பின் உரிமையாளருடையது. 2012 திருத்தம் திரைப்பாடல் ராயல்டியில் இசையமைப்பாளருக்குத் தந்த பாதுகாப்பு அரேஞ்சருக்குத் தானாக வந்துவிடாது. இடையிசை முழுக்கத் தம்பியின் கற்பனை என்றால், அவர் பங்கு என்ன, பெயர் எப்படி வரும் என்பதை ஒலிப்பதிவுக்கு முன்பே எழுத்தில் வாங்கட்டும். முழு ஸ்கோரையும் தேதி போட்டு நகலெடுத்து வைத்துக்கொள்ளட்டும். வாத்தியத்துக்கு வாத்தியம் பிரித்தெழுதிய தாள்களை நம்பவேண்டாம், அவை ஸ்டாண்டிலேயே கிடந்து மறுநாள் குப்பைக்குப் போய்விடும்.